மீந்த வான்கோழி, மீந்த சோறு: கேசரோல் சொதப்பினால் எங்கே பார்ப்பது

எங்கள் வீட்டில் கேசரோல் என்றால் சப்பாத்தி போட்டு மூடி வைக்கிற ஹாட்பாக்ஸ். முதல் தடவை நான் "ராத்திரிக்கு கேசரோல்" என்று சொன்னபோது மாமியார் பரணிலிருந்து ஹாட்பாக்ஸை இறக்கி, கழுவித் துடைத்து மேடைமேல் வைத்துவிட்டு, "உள்ள இன்னா போடப் போற?" என்று கேட்டார். நான் சொல்வது அதை இல்லை. சோறு, கறி, காய், கொஞ்சம் வெள்ளை சாஸ் எல்லாவற்றையும் ஒரே டிரேயில் பரப்பி, ஓவனில் வைத்து, மேலே பொன்னிறமாக எடுக்கிற பண்டம்.

நாங்கள் இருப்பது வேலூர் சத்துவாச்சாரியில். ஒவ்வொரு கிறிஸ்துமஸுக்கும் அணைக்கட்டுப் பக்கம் வான்கோழி வளர்க்கிற ஒருவரிடம் சொல்லி வைத்து வாங்குவோம். ஐந்து பேருக்கு ஒரு முழு வான்கோழி என்பது ரொம்ப அதிகம். பண்டிகையன்று பிரியாணி, வறுவல் எல்லாம் முடிந்து மறுநாள் பார்த்தால் யாரும் தொடாத நெஞ்சுக்கறி ஒரு டப்பா, குஸ்கா ஒரு சட்டி நிற்கும். எட்டு வருஷமாக இதை கேசரோல் ஆக்குகிறேன், அதில் பாதி வருஷம் ஏதோ ஒன்று கெட்டிருக்கிறது. பிறகு அக்கம்பக்கத்தில் ஓடிஜி என்கிற சின்ன மின்சார ஓவன் வாங்கியவர்களெல்லாம் "அக்கா, கஞ்சி மாதிரி ஆயிடுச்சு, மேல கருகிடுச்சு" என்று போன் போட ஆரம்பித்தார்கள். எல்லோருக்கும் தனித்தனியாகச் சொல்லி வாய் வலிக்கிறது, அதனால்தான் இது. ஒன்று மட்டும் முன்னாலேயே சொல்லிவிடுகிறேன்: கெடுவது பெரும்பாலும் ஓவனில் இல்லை, முதல் நாள் ராத்திரி மீந்ததை எடுத்து வைத்த விதத்தில்.

அளவு தெரியாமல் பிழை பார்க்க முடியாது, அதனால் நான் செய்கிற கணக்கு: ஆறிய சோறு 2 கப், தோல் நீக்கி வெட்டிய கறி 2 கப், வதக்கிய காய் 2 கப், சாஸ் ஒன்றரை கப். சாஸுக்கு 1 மேசைக்கரண்டி எண்ணெயில் 2 மேசைக்கரண்டி கோதுமை மாவை வாசனை வரும்வரை வறுத்து, ஒன்றேமுக்கால் கப் பால் ஊற்றிக் கட்டியில்லாமல் கிளறினால் வற்றி ஒன்றரைக்கு வரும். 180 டிகிரியில் ஃபாயில் மூடி 25 நிமிடம், திறந்து 10 நிமிடம். சீஸ் ஒரு கைப்பிடி, அதுவும் மேலே மட்டும். உடம்புக்கு நல்லது என்று சொல்வதெல்லாம் இந்தக் கணக்கில்தான் இருக்கிறது, காய் கறிக்குச் சமமாக நிற்க வேண்டும், க்ரீமும் வெண்ணெயும் உள்ளே வரக்கூடாது.

அறிகுறி: டப்பாவைத் திறந்ததும் ஒரு சந்தேகம் வருகிறது

இதை முதலில் வைக்கக் காரணம், இங்கே தப்பினால் மற்றதெல்லாம் பேசிப் பிரயோஜனமில்லை.

சோற்றை இரண்டு விரலால் எடுத்துப் பிரியுங்கள். நூல் மாதிரி இழுக்கிறதா, பிசுபிசுக்கிறதா, புளித்த வாடையா? குப்பை. கறி வழவழவென்றால் அதுவும் குப்பை. தாளித்துக் கொட்டி, இஞ்சி பூண்டு போட்டு மறைக்கிற வேலை வேண்டாம்.

வாடை ஒன்றும் இல்லை, ஆனால் எவ்வளவு நேரம் வெளியே இருந்தது என்று தெரியவில்லையா? இதுதான் ஆபத்தான இடம். சோற்றில் வளர்கிற ஒரு வகை பாக்டீரியா விடும் நச்சு மறுபடி எவ்வளவு கொதிக்க வைத்தாலும் போகாது, மூக்குக்கும் தெரியாது. அதனால் மூக்கை விட்டுவிட்டு கடிகாரத்தைக் கேளுங்கள். சமைத்து இறக்கியதிலிருந்து 2 மணி நேரத்துக்குள் ஃப்ரிட்ஜில் போயிருக்க வேண்டும். சமையலறை 32 டிகிரிக்கு மேல் கொதிக்கிற நாளென்றால் 1 மணி நேரம்தான். நம் ஊரில் டிசம்பர் தப்பித்தது, ஆனால் ஈஸ்டர் வரும்போது வேலூர் வெயில் ஆரம்பித்துவிடும், கத்திரி வெயிலில் கேட்கவே வேண்டாம். ஃப்ரிட்ஜுக்குள் போனபின் 3, 4 நாள் தாங்கும். அதற்கு மேல் வேண்டுமென்றால் முதல் நாளே ஃப்ரீஸரில் போடுங்கள்.

பெரிய சட்டியோடு சோற்றை அப்படியே ஃப்ரிட்ஜில் வைத்தீர்களா? நடுவில் அது பல மணி நேரம் வெதுவெதுப்பாகவே இருக்கும். அகலமான தட்டில் இரண்டு விரல் உயரத்துக்குப் பரப்பி ஆறவைத்து, அப்புறம் டப்பாவில் போட வேண்டும்.

"பழைய சோறு மட்டும் ராத்திரி முழுக்க வெளியதான இருக்குது" என்று மாமியார் ஒவ்வொரு வருஷமும் கேட்பார். அது தண்ணீர் ஊற்றிப் புளிக்க வைக்கிற வெறும் சோறு. இது நெய்யும் கறியும் கலந்து மூடி வைத்த குஸ்கா. இரண்டுக்கும் ஒரே கணக்குப் போட முடியாது.

டாக்டரிடம் எப்போது போவது: சாப்பிட்ட பிறகு வாந்தி பேதி என்றால் ஓஆர்எஸ் கரைத்துக் கொஞ்சம் கொஞ்சமாகக் குடிக்கலாம். தண்ணீர்கூட வயிற்றில் நிற்கவில்லை, மலத்தில் ரத்தம், கடும் காய்ச்சல், சிறுநீர் குறைந்துவிட்டது, இதில் ஒன்று இருந்தாலும் காத்திருக்காதீர்கள். குழந்தை, கர்ப்பிணி, வயதானவர் என்றால் அந்த அளவுக்குப் போகவே விடக்கூடாது.

அறிகுறி: கறி சக்கையாக, நார் நாராக இருக்கிறது

வான்கோழி நெஞ்சில் கொழுப்பு ரொம்பக் குறைவு, ஏற்கெனவே ஒரு தடவை வெந்தது வேறு. ஓவனில் நாம் அதை வேகவைக்கவில்லை, சூடுதான் பண்ணுகிறோம். இதை மறந்தால் பல்லிடுக்கில் நார்தான்.

முதலில் ஃபாயிலைக் கேளுங்கள். மூடாமல் வைத்தீர்களா, மூடியும் ஓரத்தை அழுத்தாமல் விட்டீர்களா? அவ்வளவுதான் காரணம், அடுத்த முறை மூடுங்கள்.

மூடியும் வறண்டதென்றால் கறி எங்கே கிடந்தது என்று பாருங்கள். மேலே தூவியிருந்தால் காயும். சாஸில் பிரட்டி, சோற்றுக்கு அடியில் போட வேண்டும்.

அதுவும் சரியாகத்தான் இருந்தது என்றால் வெட்டிய விதம். ஒரு துண்டை எடுத்து நார் எந்தப் பக்கம் ஓடுகிறது என்று பாருங்கள், நாருக்குக் குறுக்கே வெட்ட வேண்டும், நீளவாக்கில் பிய்த்தால் கயிறு மாதிரி வரும். தொடைக்கறிக்கு இந்தத் தொல்லை இல்லை. நான் இப்போது தொடையையும் நெஞ்சையும் தனித்தனி டப்பாவில் எடுத்து வைத்து, பாதிக்குப் பாதி கலக்கிறேன்.

ஏற்கெனவே வறண்டே வந்த கறியா? எலும்பைத் தூக்கிப் போடாமல் மிளகு, சீரகம், ஒரு வெங்காயம் தட்டிப் போட்டு ஒரு மணி நேரம் கொதிக்க வையுங்கள். அந்தச் சூடான சாற்றில் கறியைப் பத்து நிமிடம் ஊறவிட்டு எடுத்து, சாற்றையே பாலில் பாதிக்குப் பதிலாக சாஸில் ஊற்றலாம். ருசிக்கு இதைவிடப் பெரிய வைத்தியம் எனக்குத் தெரியாது.

அதற்கும் மசியவில்லை என்றால் கேசரோலை மறந்துவிட்டு உதிர்த்து உருளைக்கிழங்கோடு பிசைந்து கட்லெட் போடுங்கள். அடுத்த கிறிஸ்துமஸுக்கு முன்னால் குத்திப் பார்க்கிற தெர்மாமீட்டர் ஒன்று வாங்குங்கள். பச்சை வான்கோழி வேகும்போது தொடையும் நெஞ்சும் பெருத்த இடத்தில் 74 டிகிரி காட்டினால் வெந்துவிட்டது. "எதற்கும் இருக்கட்டும்" என்று இன்னும் ஒரு மணி நேரம் விடுவதால்தான் மறுநாள் இந்தப் பாடு.

அறிகுறி: சொதசொதவென்று கூழாகிவிட்டது

போன் வருவதில் பாதி இதற்குத்தான். என் நாத்தனார் ஒரு கரண்டி எடுத்துப் பார்த்துவிட்டு "இன்னாக்கா இது, கஞ்சியா களியா?" என்று கேட்ட வருஷம் ஒன்று உண்டு.

டிரேயைத் துணியால் பிடித்து ஒரு பக்கம் சாய்த்துப் பாருங்கள். ஓரத்தில் தெளிவான தண்ணீர் ஓடி வந்து நின்றால் அது காய் விட்டது. மொத்தமும் பசை மாதிரி மெல்ல நகர்ந்தால் சாஸ் அதிகம், அல்லது சோறு குழைந்தது.

*தண்ணீர் என்றால்:* காயைப் பச்சையாகப் போட்டிருப்பீர்கள். சுரைக்காய், சௌசௌ, காளான், கீரை எல்லாம் தண்ணீர் விடும். கடாயில் மூடாமல் பெரிய தீயில் வதக்கி, சத்தம் அடங்கும்வரை விட வேண்டும். ஈரம் இருக்கும்வரை சடசடவென்று கத்தும், வற்றியதும் சத்தம் மாறிவிடும், காதாலேயே கண்டுபிடிக்கலாம். கத்தரிக்காய் போடுவதென்றால் நம் பக்கத்து இலவம்பாடி முள்ளுக் கத்தரிக்காய் கிடைக்கும்போது விடாதீர்கள். புவிசார் குறியீடு வாங்கிய காய் என்பதற்காகச் சொல்லவில்லை, வதக்கினால் சதை கரையாமல் நிற்கிறது, அதற்காக.

*பசை என்றால்:* சோறு எந்த நிலையில் கலந்தீர்கள்? சூடான சோறு கரண்டி பட்டதும் உடையும். ஃப்ரிட்ஜிலிருந்து எடுத்த சில்லென்ற சோற்றை ஈரக்கையால் உதிர்த்துப் போட வேண்டும். அடுத்து அரிசி வகை. ஆம்பூர் முறையில் செய்த சீரகச் சம்பா குஸ்காவுக்கு மணி சின்னது, ஏற்கெனவே தம்மில் நன்றாக வெந்தது, அதற்கு ஒன்றேகால் கப் சாஸ் போதும். பொன்னிச் சோறு குழைய வெந்திருந்தால் இன்னும் குறையுங்கள். கைக்குத்தல் அரிசியோ குதிரைவாலியோ சாஸை நிறைய இழுக்கும், அதற்கு முழு ஒன்றரை கப்பும் வேண்டும்.

இப்போதைக்குக் காப்பாற்ற: ஃபாயிலை எடுத்துவிட்டு 200 டிகிரியில் 10 நிமிடம் வையுங்கள். மேலே இரண்டு கைப்பிடி பிரெட் தூளோ, பொடித்த ரஸ்க்கோ தூவினால் ஈரத்தை இழுத்து மொறுமொறுவென்றும் ஆகும். அதற்கும் அடங்காவிட்டால் எலும்புச் சாறு ஊற்றி நோன்புக் கஞ்சி மாதிரி ஆக்கிவிடுங்கள், யாரும் குறை சொல்ல மாட்டார்கள்.

அறிகுறி: மேலே கருகல், நடுவில் சில்லென்று

ஒரு ஸ்டீல் கத்தியை நடுவில் அடிவரை குத்தி பத்து எண்ணி எடுத்து மணிக்கட்டில் வையுங்கள். சுரீர் என்று சுட வேண்டும். வெதுவெதுப்பென்றால் உள்ளே சூடு போகவில்லை. தெர்மாமீட்டர் இருந்தால் நடுவில் 74 டிகிரி, அதற்குக் குறைந்தால் பரிமாறக் கூடாது.

காரணம், செலவில்லாததிலிருந்து போவோம்.

ஓவனை முன்னாலேயே சூடாக்கவில்லை. ஓடிஜி என்றால் 10, 15 நிமிடமாவது காலியாக ஓட வேண்டும்.

டிரே மேல் தட்டில் இருந்தது. நடுத்தட்டில் வையுங்கள், சின்ன ஓடிஜியில் கீழ்த்தட்டில்.

ரொம்ப ஆழமாக நிரப்பினீர்கள். மூன்று விரல் உயரத்துக்கு மேல் வேண்டாம், இரண்டு டிரேயாகப் பிரியுங்கள்.

முதல் நாளே அடுக்கி ஃப்ரிட்ஜில் வைத்து நேராக ஓவனுக்குள் தள்ளினீர்கள். அப்படிச் செய்தால் ஃபாயிலோடு இன்னும் 15 நிமிடம் கூட்டணும். கண்ணாடி டிரேயென்றால் சில்லென்று எடுத்துச் சூட்டில் வைக்கவே வைக்காதீர்கள், விரிசல் விடும். எனக்கு விட்டிருக்கிறது. டமால் என்று ஒரு சத்தம், அப்புறம் வான்கோழிக்குள் கண்ணாடிச் சில்லு, மொத்தமும் குப்பைக்கூடை.

இத்தனைக்கும் பிறகும் அப்படியேதான் என்றால் ஓவனைப் பார்க்கும் நேரம். குமிழைப் பாருங்கள், மேல் ராடு மட்டும் எரிகிற குறியில் இருக்கிறதா? மேலும் கீழும் எரிகிற குறிக்குத் திருப்புங்கள். சுத்தமாகச் சூடே இல்லையென்றால் டைமர் பூஜ்யத்தில் நிற்கும், அதைத் திருப்பாமல் ஓடிஜி வேலை செய்யாது. சிரிக்காதீர்கள், எனக்கு வந்த போன்களில் மூன்றுக்கு இதுதான் பதில். அடுத்து விளக்கை அணைத்துவிட்டு கண்ணாடிக் கதவு வழியாகப் பாருங்கள், மேலும் கீழும் ராடு சிவக்க வேண்டும். கீழ் ராடு கறுப்பாகவே இருந்தால் நீங்கள் சமையலில் என்ன மாற்றினாலும் நடு வேகாது.

ஆளைக் கூப்பிட வேண்டிய இடம் இதுதான். ராடு மாற்றுவது வீட்டு வேலை இல்லை, பிளக்கைக் கழற்றிவிட்டு சர்வீஸ் ஆளிடம் கொடுங்கள். கதவைத் தொட்டால் சுருக்கென்று ஷாக் அடித்தாலோ, பிளக் பக்கம் ரப்பர் கருகும் வாடை வந்தாலோ மெயினை அணைத்துவிட்டு எலெக்ட்ரீஷியனைக் கூப்பிடுங்கள், "இந்த ஒரு தடவை மட்டும்" என்று ஓட்டாதீர்கள். எங்கள் வீட்டில் ஓடிஜியை எக்ஸ்டென்ஷன் பாக்ஸில் செருகி இரண்டு வருஷம் ஓட்டினோம். ஒரு நாள் பிளக்கைப் பிடுங்கினால் பாக்ஸின் வாயே உருகி கூடவே வந்தது. இப்போது சுவரில் 16 ஆம்பியர் பாயின்ட் தனியாகப் போட்டிருக்கிறோம்.

ஓவனே இல்லையா? கவலைப்படாதீர்கள். ஆம்பூர், வாணியம்பாடி பக்கம் பிரியாணிக்கு மூடிமேல் தணல் போட்டுத் தம் கட்டுகிறார்களே, மேலும் கீழும் சூடு, அதுதானே ஓவன். அடி கனமான பாத்திரத்தை தோசைக்கல் மேல் வைத்து, ஓரத்தில் மாவு ஒட்டி மூடி, சிறு தீயில் 30 நிமிடம் விடுங்கள். மேலே சிவக்காது, அவ்வளவுதான் குறை. தணல் போட்டால் அந்தக் குறையும் இல்லை, ஆனால் ஜன்னல் திறந்திருக்க வேண்டும், முடிந்தால் மாடியிலோ வாசலிலோ செய்யுங்கள்.

அறிகுறி: சாஸ் திரிதிரியாகப் பிரிந்துவிட்டது

பால் ஊற்றியதும் தக்காளியோ எலுமிச்சையோ போட்டிருப்பீர்கள், அல்லது சில்லென்ற புளித்த தயிரைச் சூட்டில் கொட்டியிருப்பீர்கள். சாப்பிடலாம், பார்க்கத்தான் நன்றாக இருக்காது. தயிர் சேர்ப்பதென்றால் புளிக்காத தயிரில் ஒரு தேக்கரண்டி கடலை மாவு அடித்து, அடுப்பை அணைத்த பிறகு கலக்குங்கள். புளிப்பு வேண்டுமென்றால் தட்டில் போட்ட பிறகு எலுமிச்சை பிழியலாம். இதில் எதுவுமே போடாமல் திரிந்தால் பால்தான் கெட்டது, அடுத்த முறை தனியாகக் காய்ச்சிப் பார்த்துவிட்டு ஊற்றுங்கள்.

அறிகுறி: கவுச்சி வாடை, பழைய கறி ருசி

கெட்டுப்போகவில்லை, ஆனால் வாயில் வைத்தால் ஏதோ அட்டைப்பெட்டி மாதிரி. வான்கோழிக்கே இது அதிகம் வரும், கோழியைவிட. எடுத்து வைக்கும்போதே கறி முழுக மேலே கொஞ்சம் சாறு ஊற்றி, டப்பாவில் காற்றுக்கு இடமில்லாமல் மூடினால் குறையும். வந்துவிட்டதென்றால் புதினா, இடித்த மிளகு, இஞ்சி. ஒரு கைப்பிடி புதினா போதும், மசாலாப் பொடி கொட்டி மூடப் பார்த்தால் இரண்டு வாடையும் சேர்ந்து அடிக்கும்.

அறிகுறி: சப்பென்று இருக்கிறது

"ஆஸ்பத்திரிச் சாப்பாடு மாதிரி இருக்கும்மா" என்றான் என் மகன். ஆஸ்பத்திரிக்கே பேர் போன ஊரில் இருந்துகொண்டு அதைக் கேட்க வேண்டியிருந்தது.

உப்பை எடுக்காதீர்கள், முதலில் ஒரு ஸ்பூனில் இரண்டு சொட்டு எலுமிச்சை விட்டுச் சாப்பிட்டுப் பாருங்கள். ருசி எழுந்தால் குறை புளிப்பில்தான். எழவில்லையா, வெங்காயத்தைப் பாருங்கள், கண்ணாடி மாதிரி வதங்கியதும் இறக்கிவிட்டிருப்பீர்கள், ஓரம் சிவக்கும்வரை விட வேண்டும். குஸ்காவில் உப்பு இருக்கிறது, சீஸில் உப்பு இருக்கிறது, அதனால் சாஸில் நான் உப்பே போடுவதில்லை. பிரியாணிக்கு வைத்த கத்தரிக்காய் பச்சடி மீந்திருந்தால் சோற்றுக்கும் கறிக்கும் நடுவே ஒரு அடுக்கு பரப்புங்கள். ஊரே சொல்லலாம் இதெல்லாம் கேசரோலா என்று, ருசிக்கு நான் ஜவாப்தாரி. வீட்டில் யாருக்காவது சர்க்கரை, கிட்னி தொந்தரவு இருந்தால் அளவை என்னிடம் கேட்காதீர்கள், அவர்கள் பார்க்கும் டாக்டரிடமோ உணவியல் நிபுணரிடமோ கேட்டு முடிவு பண்ணுங்கள்.

அறிகுறி: ஓரத்தில் எண்ணெய் மிதக்கிறது

குஸ்காவின் எண்ணெய். ஃப்ரிட்ஜிலிருந்து எடுத்ததும் மேலே நெய் உறைந்திருக்கும், அதைக் கரண்டியால் சுரண்டி எடுங்கள், சாஸுக்கும் எண்ணெய் வேண்டாம், மாவை வெறுமனே வறுத்துக்கொள்ளலாம். கறியின் தோலை நீக்கவில்லையென்றால் அதுவும் சேர்ந்துகொள்ளும்.

அறிகுறி: மீந்த கேசரோல் காலையில் வெதுவெதுப்பாக இருக்கிறது

இது மாமியார் கண்டுபிடித்த பிழை. மீந்ததை நல்ல எண்ணத்தில் அந்த ஹாட்பாக்ஸிலேயே போட்டு மூடி வைத்துவிட்டார். காலை ஏழு மணிக்குத் திறந்தால் ஆவி இல்லை, குளிரவும் இல்லை, கை வைத்தால் குழந்தையைக் குளிப்பாட்டும் தண்ணீர் அளவுக்குச் சூடு. ராத்திரி முழுக்க அந்தச் சூட்டில் கிடந்தது என்றால் பாக்டீரியாவுக்கு விருந்து. வாடை இல்லையென்று சூடுபண்ணிக் கொடுக்காதீர்கள், கொட்டிவிடுங்கள். மறுபடி சூடு பண்ணுவது என்பது ஃப்ரிட்ஜில் இருந்ததற்கு மட்டும், அதுவும் ஒரே தடவை, சாப்பிடுகிற அளவுக்கு மட்டும் எடுத்து, நடுவிலும் ஆவி பறக்க. ஹாட்பாக்ஸ் மூடியின் ரப்பர் வளையத்தைக் கழற்றி வெந்நீரும் சோப்பும் போட்டுத் தேய்த்து வெயிலில் காயவையுங்கள், இல்லாவிட்டால் அடுத்த ஒரு வாரம் சப்பாத்தி எல்லாம் வான்கோழி வாடை அடிக்கும்.